ரத்தினம் குழுவின் காலி இடங்கள்

மேடையில் வீற்றிருக்கும் சபைப் போதகர் ஐயா அவர்களே, நகர்மன்ற உறுப்பினர் அபினா அவர்களே, அக்கா பணியாற்றிய பள்ளிகளிலிருந்து வந்திருக்கும் ஆசிரியப் பெருமக்களே, மஸ்கட்டிலிருந்து கிடைத்த விமானத்தைப் பிடித்து வந்திருக்கும் அக்காவின் மகள் பெபிஷாவே, எங்கள் பாட்டுக்கு ஆடியவர்களே, எங்கள் பாட்டைக் கேட்டுப் பாதியில் எழுந்து போனவர்களே, அனைவருக்கும் என் வணக்கம்.

என் பெயர் சைபுதீன். ஊர் தேங்காப்பட்டணம். 'தி ரத்தினம்ஸ்' என்ற குடும்ப இசைக்குழுவில் நாற்பது வருஷம் பேஸ் கிட்டார் வாசித்தவன். இந்தச் சமூகக் கூடத்தில் எத்தனையோ அசன விருந்து சாப்பிட்டிருக்கிறேன், ஒரு தடவைகூடப் பேசியதில்லை. பேசுவது, பாடுவது, மைக் செட்காரரைத் திட்டுவது, எல்லாவற்றையும் அக்கா பார்த்துக்கொண்டார். நான் பின்னால் நின்று குனிந்து கிட்டாரைப் பார்த்துக்கொண்டிருப்பேன். அதனால் என் பேச்சில் முன்பின் இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முன்னாள் தலைமையாசிரியை, ரத்தினம் குழுவின் பாடகி, மஸ்கட் தமிழர்கள் 'சோல் ராணி' என்று பட்டம் தந்து அனுப்பிய திருமதி செல்லபாய் அவர்கள், போன வாரம் செவ்வாய்க்கிழமை மதியம், தன் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்தபடியே போய்விட்டார். ராணி என்று யாராவது கூப்பிட்டால் அவருக்குச் சிரிப்பு வரும். "ராணிண்ணா எனக்க மீனை நானே எதுக்கு வெட்டணும்?" என்று கேட்பார். அப்படிப்பட்ட ராணியை இந்தக் குழித்துறை இனி எங்கே பார்க்கப் போகிறது? சொல்லுங்கள், எங்கே பார்க்கப் போகிறது?

இளம்பிள்ளைகள் நிறையப் பேர் வந்திருக்கிறீர்கள். உங்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். அக்காவின் அப்பா யேசுரத்தினம் ஐயா பயணிகள் கப்பலில் ஒன்பது வருஷம் பேண்டு வாசித்தவர். அந்தக் கப்பலில் அமெரிக்கக் கறுப்பின இசைக்காரர்கள் இருந்தார்கள். அவர்கள்தான் ஐயாவுக்கு சோல் என்றும் ஃபங்க் என்றும் இரண்டு இசையைச் சொல்லிக்கொடுத்தார்கள். துக்கத்தைக்கூட இடுப்பு அசையப் பாடுகிற இசை. ஐயா ஊருக்குத் திரும்பும்போது எல்லோரும் துணியும் சென்ட் பாட்டிலும் கொண்டு வருவார் என்று காத்திருந்தார்கள். அவர் ஒரு பேஸ் கிட்டாரும் ஒரு பெட்டி இசைத்தட்டும் கொண்டு வந்தார். வீட்டில் இரண்டு நாள் யாரும் அவரோடு பேசவில்லையாம். மூன்றாவது நாள் அந்த இசைத்தட்டைப் போட்டிருக்கிறார். முதலில் ஆடியது மூத்த மகள் செல்லபாய். அப்போது அவருக்குப் பதினெட்டு வயது.

அப்படிப் பிறந்தது ரத்தினம் குழு. ஐயா பேஸ் கிட்டார், செல்லபாய் அக்கா பாட்டு, தம்பிமார் மூன்று பேரில் ஜெபமணி ட்ரம்பெட், பெர்லின் டிரம்ஸ், பெனின் ஆர்கன். பாட்டெல்லாம் தமிழில், அவர்களே எழுதியது. முதல் கல்யாணத்தில் பெண் வீட்டார், "இது என்ன பாட்டு, பந்தியில் உட்கார்ந்தவன் எழுந்து ஆடுகிறான்" என்று நிறுத்தச் சொன்னார்கள். அடுத்த வருஷம் அதே வீட்டு இரண்டாவது பெண்ணுக்கும் இவர்களைத்தான் கூப்பிட்டார்கள்.

நான் எப்படி வந்தேன்? ஐயாவுக்கு இடது கையில் வாதம் வந்தது. விரல் மடங்கவில்லை. நாகர்கோவிலில் ஓர் ஆர்கெஸ்ட்ராவில் சினிமாப் பாட்டுக்கு வாசித்துக்கொண்டிருந்த என்னை, மூன்று நிகழ்ச்சிக்கு மட்டும் மாற்று ஆளாகக் கூப்பிட்டார்கள். இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மாற்று ஆள். அதுதான் என் முதல் பதவி.

முதல் ரிகர்சலுக்குப் போனேன். சனிக்கிழமை, சாயங்காலம் நாலு மணி. ரத்தினம் வீட்டில் ரிகர்சல் என்றால் எப்போதும் சனிக்கிழமை நாலு மணிதான். ஐயா நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். அவர் நின்று வாசித்த இடம் டிரம்ஸுக்கும் ஆர்கனுக்கும் நடுவில் காலியாகக் கிடக்கிறது. மரியாதைக்காக நான் ஓர் அடி தள்ளி, சுவரோரமாகப் போய் நின்றேன். அக்கா வந்து என் தோளைப் பிடித்து இழுத்து நடுவில் நிறுத்தினார். "அங்க இல்ல, இங்க. அப்பா நின்ன இடத்துல நில்லு. இல்லேண்ணா பெர்லினுக்கு உன்னைக் காணாது." அவ்வளவுதான் வரவேற்பு. மூன்று நிகழ்ச்சிக்குப் போனவன் நாற்பது வருஷம் அதே இடத்தில் நின்றேன். நோன்பு மாதத்தில் அக்கா பெர்லினைக்கூட டீயை வெளியே போய்க் குடிக்கச் சொல்லிவிடுவார். ஏன் என்று அவனும் கேட்டதில்லை, நானும் நன்றி சொன்னதில்லை.

ஐயா எனக்குச் சொன்ன பாடம் ஒன்றே ஒன்று. முதல் அடியில் எல்லாரும் சேர்ந்து விழ வேண்டும், அதற்குப் பிறகு யார் எங்கே வேண்டுமானாலும் போகலாம். அந்த முதல் அடிக்கு எங்களைக் கூட்டிச் சேர்த்தது அக்காவின் மோதிரம். வாயால் எண்ண மாட்டார். மைக் கம்பியில் மோதிரத்தால் நாலு தட்டு தட்டுவார். ஐந்தாவது எங்களுடையது. டோஹாவிலும் சரி, கொல்லங்கோட்டிலும் சரி, அந்த நாலு தட்டு கேட்டால் என் விரல் தானாகப் போய்க் கம்பியில் உட்காரும்.

உங்களுக்கெல்லாம் தெரிந்த பாட்டு ஒன்று உண்டு. அக்காவுக்கு ஆரல்வாய்மொழியில் ஆசிரியை வேலை கிடைத்த புதிது. அங்கே சனிக்கிழமையும் பள்ளிக்கூடம். ஒரு நாள் நாலு மணிக்கு ஆளைக் காணோம். ஐந்தும் ஆயிற்று, ஆறும் ஆயிற்று. நாங்கள் கருவிகளை மூடப் போகிற நேரத்தில், முழங்கால் வரைக்கும் புழுதியோடு உள்ளே வந்தார். தோவாளை வரைக்கும் நடந்து, அங்கிருந்து ஒரு லாரியில் ஏறி, மறுபடியும் நடந்து வந்திருக்கிறார். எங்கள் முகத்தைப் பார்த்து, "பஸ் வரல்ல. நடந்து வாறேன்" என்றார். பெர்லின் சிரித்துக்கொண்டே அதற்கு ஒரு அடி போட்டான். கை கால் கழுவும் முன்னால் பாட்டு பிறந்துவிட்டது. "பஸ் வரல்ல, மக்கா, பஸ் வரல்ல" என்று அக்கா கூப்பிடுவார். "நடந்து வாறேன், நான் நடந்து வாறேன்" என்று சபை முழுவதும் பதில் சொல்லும். இந்த மாவட்டத்தில் அந்தப் பதிலைச் சொல்லாத வாய் உண்டா?

அந்தப் பாட்டின் தொடக்கம் எனக்குத் தந்தார். நாலு தட்டுக்குப் பிறகு நாலு சுற்று பேஸ் கிட்டார் மட்டும். அதன் மேல்தான் அவர் பாடுவார். நடுவில் எல்லாரும் நிறுத்திவிடுவோம். ஜெபமணியின் ட்ரம்பெட் மட்டும் எட்டுச் சுற்று தனியாகப் போகும். ஆளில்லாத ரோட்டில் ஒருவன் நடந்து போவது போல. பதினேழு நொடி. பிறகு எல்லோரும் முதல் அடியில் சேர்ந்து விழுவோம்.

ஆரல்வாய்மொழியில் ஒரு காற்றாலைத் திறப்பு விழா. ஆடி மாதம். அந்த ஊர்க் காற்றைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. முதல் பாட்டிலேயே பந்தல் பறந்தது, கரண்டும் போயிற்று. ஆர்கன் ஊமை, என் கிட்டார் வெறும் மரக்கட்டை. காற்றிலிருந்து கரண்டு எடுக்கிற விழாவில் காற்று வந்து கரண்டு போனதற்கு ஜெபமணி விழுந்து விழுந்து சிரித்தான். நான் கையைத் தொங்கப் போட்டு நின்றேன். அக்கா பாடிக்கொண்டே என் பக்கம் வந்து, அடியைத் தவற விடாமல், "கை இருக்குல்லா? தட்டு" என்றார். தட்டினேன். சனமும் தட்டியது. மைக்கும் இல்லாமல், கரண்டும் இல்லாமல், முக்கால் மணி நேரம் பாடினார் அந்த அம்மா.

ஐயாவும் போனார். பிறகு, பதினாறு வருஷத்துக்கு முன்னால் ஜெபமணி போனான். அன்பர்களே, இப்போது நான் சொல்லப் போவது எனக்குப் பெருமை தருகிற செய்தி அல்ல. ஆனாலும் இதைச் சொல்லத்தான் இங்கே வந்தேன்.

ஜெபமணியை அடக்கம் செய்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. முன்பே ஒப்புக்கொண்ட ஒரு சபை நாள் விழா. ட்ரம்பெட்டுக்கு என்ன செய்வது என்று ஒருவருக்கொருவர் கேட்டுக்கொள்ளக்கூட எங்களுக்குத் தைரியம் இல்லை. பஸ் பாட்டு தொடங்கியது. அந்த இடம் வந்தது. பழக்க தோஷம், நாங்கள் நாலு பேரும் எப்போதும்போல நிறுத்திவிட்டோம். ட்ரம்பெட் வரவில்லை. எங்கிருந்து வரும்? ஒருவருக்கும் ஒன்றும் ஓடவில்லை. எட்டுச் சுற்றும் அப்படியே நின்றோம். பிறகு ஒரே அடியில் சேர்ந்து விழுந்தோம். முன்வரிசையில் ஜெபமணியின் மனைவி சபிதா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். சபையே அழுதது.

அது ஒரு தவறு. அந்தத் தவறைச் சட்டமாக்கியவன் நான். "இந்த இடத்துக்கு ஆள் வைக்கக் கூடாது. இப்படியே விட்டுவிடுவோம்" என்று நான்தான் சொன்னேன். அப்போது யாரும் மறுக்கவில்லை. பிறகு பெர்லின் போனான். அவன் தனியாக அடிக்கிற நாலு சுற்றையும் காலியாக விட்டோம். கொரோனாவில் பெனின் போனான். ஆர்கன் வருகிற இடமும் காலி. பாட்டெல்லாம் ஓட்டை விழுந்த குடை மாதிரி ஆயிற்று. புது மைக் செட்காரர்கள் பாட்டு நின்றதும் வயர் போய்விட்டது என்று மேடைக்கு ஓடி வருவார்கள். குளச்சலில் ஒருவர் என் காலுக்கிடையில் புகுந்து பிளக்கைப் பார்த்தார். ஆனால் ஒரு பத்திரிகையில், மௌனத்தையும் வாசிக்கிற குழு என்று எழுதிவிட்டார்கள். அந்தத் துண்டை வெட்டி இன்றும் பர்ஸில் வைத்திருக்கிறேன். வெட்கமாகத்தான் இருக்கிறது.

கடைசி நாலு வருஷம் மேடையில் இரண்டே பேர். ஒரு குரல், ஒரு பேஸ் கிட்டார், மீதியெல்லாம் காலி இடம். அக்காவின் வீட்டிலும் அதே கதைதான். கணவர் போய்ப் பல வருஷம். மகள் மஸ்கட்டில். தம்பிமார் மூன்று பேரும் கல்லறைத் தோட்டத்தில். சனிக்கிழமை நாலு மணிக்கு நான் போய்க் கதவைத் தட்டினால்தான் அந்த வீட்டில் வேறு ஒரு மனிதச் சத்தம் கேட்கும். அது எனக்குத் தெரியுமா? தெரியும். தெரிந்துகொண்டே என்ன செய்தேன் என்று கேளுங்கள்.

போன வருஷம் இனயத்தில் ஒரு கோயில் திருவிழாவில் ஒருவர் ட்ரம்பெட் ஊதுவதை அக்கா கேட்டிருக்கிறார். அவர் பெயர் ஸ்டெனி. விசைப்படகு மெக்கானிக். அக்கா நேரே போய்ப் பேசி, சனிக்கிழமை வரச் சொல்லிவிட்டார். என்னிடம் சொல்லவில்லை. சொன்னால் நான் வர மாட்டேன் என்று தெரியும். நான் போகும்போது ஜெபமணியின் இடத்தில் ஒருவர் நிற்கிறார். யார் என்றும் கேட்கவில்லை. பஸ் பாட்டு தொடங்கினோம். அந்த எட்டுச் சுற்று வந்ததும் அவர் ஊதினார். நன்றாகத்தான் ஊதினார். இரண்டாவது சுற்றில் நான் கிட்டாரின் வயரைப் பிடுங்கினேன். "ஜெபமணி நின்ன இடத்துல ஒரு மெக்கானிக் நிக்க வேண்டாம்" என்றேன். அவர் காது கேட்கச் சொன்னேன். ட்ரம்பெட்டைக் கீழே இறக்கிக்கொண்டார்.

அக்கா கோபப்படவில்லை. அதுதான் எனக்கு இன்னும் பொறுக்கவில்லை. வாசல் வரைக்கும் வந்தார்.

"ஏலே சைபு, நீ எங்க அப்பா இடத்துல வந்து நின்னப்போ நாங்க யாரும் வயரைப் பிடுங்கல்ல."

நான் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தேன்.

"அந்தப் பதினேழு நொடி நீ குனிஞ்சு கிட்டாரைப் பாத்துட்டு நிப்ப. நான் எங்க பாக்க? சனம் முழுக்க எனக்க முகத்தைத்தான் பாக்கு. ஒவ்வொரு மேடையிலயும் ஒவ்வொருத்தனா நான் மறுபடி அடக்கம் செய்யணும். எனக்குப் போதும், மக்கா."

பதினைந்து வருஷமாக நான் அந்தக் காலி இடங்களை விசுவாசம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அந்த இடங்களில் ஒரு மனுஷியைத் தன்னந்தனியாக நிறுத்தி வைத்திருக்கிறேன் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அன்றும் எனக்கு உறைக்கவில்லை. ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போய்விட்டேன்.

பதினோரு மாதம் போகவில்லை. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் என் போனுக்கு அவரிடமிருந்து ஒரு செய்தி வரும். "நாளை நாலு மணி. கதவு திறந்திருக்கும்." அதே ஐந்து சொல். வேறு கேள்வி இல்லை, வருத்தம் இல்லை. நான் ஒரு தடவைகூடப் பதில் போடவில்லை. சனிக்கிழமை நாலு மணிக்குத் தேங்காப்பட்டணம் பாலத்தில் போய் நின்று ஆற்றையும் கடலையும் பார்த்துக்கொண்டிருப்பேன். பாலத்தில் நிற்கத் தெரிந்தவனுக்குக் குழித்துறைக்கு வழி தெரியாதா? எந்தப் பஸ்ஸும் நின்றுபோகவில்லை, பாருங்கள். நான்தான் ஏறவில்லை.

அடக்கத்தன்று கல்லறைத் தோட்டத்தின் வாசலில் ஸ்டெனி என்னிடம் வந்தார். அடிக்க வருகிறார் என்று நினைத்தேன். அடித்திருக்கலாம். அவர் சொன்னது இதுதான்.

"அண்ணே, நான் எல்லாச் சனிக்கிழமையும் போனேன். டீச்சர் உங்களுக்க இடத்தை யாருக்கும் குடுக்கல்ல. மோதிரத்தால நாலு தட்டு தட்டுவாவ. பொறவு நாலு சுத்து பேசாம தலையாட்டிட்டு நிப்பாவ. அதுக்குப் பொறவுதான் பாடுவாவ. கேட்டா, இது சைபுக்க இடம், அவன் வருவாண்ணு சொல்லுவாவ."

அன்பர்களே, செத்துப்போனவர்களுக்கு விடுகிற இடத்தை, உயிரோடு இருக்கிற எனக்கு அந்த அம்மா பதினோரு மாதம் விட்டிருக்கிறார். காலி இடத்தில் நிற்க முடியவில்லை என்று என்னிடம் சொன்னவர், எனக்காக வாரா வாரம் ஒரு காலி இடத்தில் நின்றிருக்கிறார். பத்து மைல் தூரத்தில் நான் பாலத்தில் நிற்கிறேன். நான் மன்னிப்புக் கேட்க இனி யாரிடம் போவேன்? எனக்குக் கோபம் வருகிறது. வேறு யார் மேலும் இல்லை, இந்தச் சைபுதீன் மேல்தான்.

போதகர் ஐயா அவர்களே, நிகழ்ச்சி நிரலில் என் பேச்சுக்குப் பிறகு இரண்டு நிமிட மௌன அஞ்சலி என்று போட்டிருக்கிறது. தங்களைக் கையெடுத்துக் கேட்டுக்கொள்கிறேன். மௌனம் வேண்டாம். செல்லபாய் அக்காவுக்கு மௌனம் வேண்டாம். நாங்கள் அவருக்குக் கொடுத்த மௌனம் போதும். கொஞ்சநஞ்சமா கொடுத்தோம்? இதுபோன்ற கூட்டங்களில், அன்னார் விட்ட பணியைத் தொடர்வோம் என்று எல்லோரும் உறுதி எடுப்பது வழக்கம். நானும் எடுக்கிறேன். இனி ரத்தினம் குழுவில் எந்த இடமும் காலியாக இருக்காது. டிரம்ஸ் தெரிந்தவர்கள் வரலாம். ஆர்கன் தெரிந்தவர்கள் வரலாம். ரத்தினம் வீட்டு ரத்தமாக இருக்க வேண்டியதில்லை. என்னைப் பார்த்தாலே தெரியவில்லையா? பெபிஷா வீட்டுச் சாவியை என் கையில் தந்திருக்கிறாள். சனிக்கிழமை நாலு மணி. கதவு திறந்திருக்கும்.

அக்காவின் இடம்? அதைத்தான் அடக்கத்தன்றிலிருந்து ஒன்பது நாளாக யோசிக்கிறேன். அதை மட்டும் விட்டுவிடுவோமே என்று என் மனசு இன்னும் கெஞ்சுகிறது. விட்டால் அவர் என்னை என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும். அதனால் இன்று ஒரு நாளைக்கு அந்த இடத்தில் நான் நிற்கிறேன். எனக்குப் பாட வராது. அது அக்காவுக்கும் தெரியும், இன்னும் ஐந்து நிமிடத்தில் உங்களுக்கும் தெரிந்துவிடும். மாற்று ஆளாக வந்தவன்தானே நான்.

என் கிட்டாரை மேடைக்குப் பின்னால் வைத்திருக்கிறேன். முந்தாநாள் ஸ்டெனிக்குப் போன் செய்து ட்ரம்பெட்டைக் கொண்டு வர முடியுமா என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் வைத்துவிட்டார். அது அவருடைய உரிமை. இப்போது கடைசி வரிசையில், கதவுக்குப் பக்கத்தில், மடியில் ஒரு கறுப்புப் பையோடு ஒருவர் உட்கார்ந்திருப்பது எனக்குத் தெரிகிறது. தம்பி ஸ்டெனி, இத்தனை பேர் காது கேட்கச் சொல்கிறேன். அன்றைக்கு நான் சொன்னது தப்பு. மேலே வாருங்கள். ஓரத்தில் வேண்டாம், ஜெபமணி நின்ற இடத்தில் நில்லுங்கள். இல்லாவிட்டால் எனக்கு உங்களைக் காணாது.

மற்றவர்களுக்குக் கை இருக்கிறதல்லவா? தட்டுங்கள். என்னிடம் மோதிரம் இல்லை, அதனால் இந்த மேஜையில் விரலால் நாலு தட்டு தட்டுவேன். ஐந்தாவது நம் எல்லாருடையது. அதன் பிறகு நாலு சுற்று என்னுடையது. பதினோரு மாதமாகக் காத்துக் கிடக்கிற நாலு சுற்று. அது முடிந்ததும் நான் கூப்பிடுவேன், நீங்கள் பதில் சொல்ல வேண்டும்.

இன்றும் சனிக்கிழமைதான். மணி நாலு தாண்டிவிட்டது.

செல்லபாய் அக்கா, சைபு வந்திருக்கேன். பஸ் வரல்ல. நடந்து வாறேன்.